உறக்கத்தில் போட்ட மெட்டு

ஸலாஹுதீனின் பெயர் முதலில் வானொலியில்தான் கேட்டது. முஸ்லிம் நிகழ்ச்சிக்குப் பாடல்கள், அதன்பின் மேடை நாடகங்கள், அதன்பின் தொலைக்காட்சிக்குப் பின்னணி இசை. சாய்ந்தமருதில் கடலை ஒட்டிய வீடு. காலையில் அவர் ஆர்மோனியத்தோடு உட்கார்ந்தால் மனைவி சுபைறா அடுப்படியிலிருந்தே சொல்லிவிடுவாள், மெட்டு தேறுமா தேறாதா என்று.

தொண்ணூற்றாறில் கொழும்பில் ஒரு நீண்ட தொடர் தயாரானது. கடற்கரைக் குடும்பம் ஒன்றின் கதை. அதன் தலைப்பு இசைக்காக அவர் அனுப்பிய எதுவும் இயக்குநர் நஸீமுக்குப் பிடிக்கவில்லை.

"எல்லாத்துலயும் கடல் இரைச்சல்தான் இருக்கு. கடலப் பார்த்துக்கொண்டு நிக்கிற ஆளக் காணல்லையே" என்றார் அவர் தொலைபேசியில்.

ஒலிப்பதிவுக்கு நாள் குறித்தாகிவிட்டது. மெட்டில்லாமலே ஸலாஹுதீன் கல்முனையில் கொழும்பு பஸ் ஏறினார்.

பக்கத்து இருக்கையில் ஒரு இளம்பெண், மடியில் கைக்குழந்தை. தம்பிலுவில் ஊர், பெயர் கஜனி, கொழும்பில் கடையொன்றில் வேலைசெய்யும் கணவனிடம் போகிறாள் என்று பேச்சுவாக்கில் தெரிந்தது. அம்பாறையைத் தாண்டியதும் இருபுறமும் வயல். கதிர் தள்ளாத பயிர் காற்றுக்குச் சாய்ந்து சாய்ந்து எழும்பியது. அதைப் பார்த்தபடியே அவர் கண்ணயர்ந்தார்.

கனவில் கடல் வயலுக்குள் வந்திருந்தது. ஓசையே இல்லை. பச்சை அலைகள் வரம்பைத் தொட்டுத் தொட்டுத் திரும்பின. நடுவில் இடுப்பளவு தண்ணீரில் ஒருத்தி நின்று தூரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் நின்ற நிலையே ஒரு மெட்டாக இருந்தது. அவர் அதைப் பாடினார். பாடப் பாடத் தண்ணீர் இளஞ்சூடாக அவர் நெஞ்சுவரை ஏறியது.

"எல்லாரும் இறங்குங்க! ஐசியக் கையில எடுங்க!"

சோதனைச் சாவடி. அடையாள அட்டையை நீட்டிக்கொண்டு வரிசையில் நடந்தபோது மெட்டு அவரிடம் இல்லை. தண்ணீரின் சூடு மட்டும் நெஞ்சில் மிச்சமிருந்தது. ஆமிக்காரனின் கேள்விக்கு ஊர்ப்பெயரைச் சொல்லவும் தடுமாறினார். பஸ்ஸில் திரும்ப ஏறி, கண்ணை இறுக மூடிப் பார்த்தார். வெறும் இருட்டு.

வெயிலில் நின்றதில் குழந்தை சிணுங்கத் தொடங்கியது. கஜனி அதைத் தோளில் போட்டுத் தட்டிக்கொண்டே மெல்ல முனகினாள். அதே மெட்டு. ஸலாஹுதீன் அவள் பக்கம் திரும்பினார்.

"தங்கச்சி, இது எங்க கேட்ட பாட்டு?"

அவள் அவரை அண்ணன்முறை வைத்து அழைத்துச் சிரித்துவிட்டாள். "நீங்கதானே காக்கா நித்திரையில படிச்சீங்க! பிள்ளை அதக் கேட்டுத்தான் உறங்கினவன். அதான் நானும் படிச்சுப் பார்த்தன்."

"இன்னொருக்காப் படிங்க. அல்லாஹ்வுக்காக."

அவள் சேலைத் தலைப்பால் வாயை மறைத்துக்கொண்டு பாடினாள். இறங்கி இறங்கிப் போன மெட்டு ஓரிடத்தில் சட்டென்று மேலே ஏறி, தொடங்கிய இடத்துக்கே திரும்பியது.

"இந்த ஏறுற இடமும் நான் படிச்சதா?"

"இல்ல காக்கா. நீங்க பாதியில முழிச்சுட்டீங்க. பிள்ளைக்கு நிப்பாட்டினா அழுவான். சும்மா நானாச் சேர்த்தன்."

கொழும்பு வரும்வரை இருவரும் மாறிமாறி முனகினார்கள். முன் இருக்கையில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். சாரதியும் ஒருமுறை கண்ணாடியில் பார்த்தான். புறக்கோட்டையில் அவள் கணவன் காத்திருந்தான். குழந்தையை அவன் கையில் கொடுத்துவிட்டு அவளும் சனத்துக்குள் போய்விட்டாள். ஸலாஹுதீன் மெட்டு நழுவிவிடாமல் இரண்டு காதையும் பொத்திக்கொண்டு, பைத்தியக்காரனைப் போல நடந்தார்.

மறுநாள் ஒலிப்பதிவில் அந்த மெட்டு புல்லாங்குழலில் எழுந்தது. நஸீம் எழுந்துபோய் விளக்கை அணைத்துவிட்டு, இருட்டில் இன்னொருமுறை கேட்டார். பெயர்ப்பட்டியல் எழுதும் நேரத்தில் ஸலாஹுதீன் சொன்னார், "இசை எண்டு ரெண்டு பேர் போடுங்க. ஸலாஹுதீன், கஜனி."

தொடர் ஒளிபரப்பானதும் கல்முனைச் சந்தையில் மீன்விற்பவர்கூட அதைச் சீட்டியடித்தார். கூடவே ஒரு கேள்வியும் ஊரெல்லாம் ஓடியது. அது சுபைறாவிடமும் வந்து சேர்ந்தது.

"ஆரு அந்தக் கஜனி?" தேத்தண்ணிக் கோப்பையை அவர் முன் வைத்துவிட்டு, போகாமல் நின்றாள்.

அவர் வயலையும் கனவையும் பஸ்ஸையும் சொல்லி முடித்தார். சுபைறா அந்த மெட்டைத் தானே முனகிப் பார்த்தாள். ஏறுகிற இடத்தில் அவள் குரலும் ஏறியது.

"இந்த இடம் உங்கட இல்ல எண்டு எனக்கு முதல் நாளே வெளங்கிச்சி," என்றாள். "நீங்க எப்பவும் கீழதானே போவீங்க."

அதன்பின் இரண்டு சினிமாப் படங்கள் அவரைத் தேடி வந்தன. கனவில் ஒரு மெட்டும் வரவில்லை. விழித்திருந்தே போட்டார். கீழே இறங்கும் இடம் வரும்போதெல்லாம் அடுப்படிப் பக்கம் திரும்பி, "சுபைறா, இதுக்கு மேல எப்பிடிப் போற?" என்று கேட்டார். அவள் கறியைக் கிண்டிக்கொண்டே ஏதோ ஒன்றை முனகினாள்.