தொண்டை எலும்பு

அப்பாவை எரித்து முடித்து, உலையிலிருந்து தட்டோடு வெளியே இழுத்தார்கள். இனி எலும்பு பொறுக்க வேண்டும். ஒரு எலும்பை இரண்டு பேர் சேர்ந்து குச்சிகளால் தூக்கிக் கலயத்தில் போடுவது ஜப்பானில் எங்கள் வழக்கம். அதனால்தான் சாப்பிடும்போது இரண்டு பேர் குச்சிகள் ஒரே துண்டைப் பிடித்தால் அம்மா கையிலேயே ஒரு அடி போடுவாள். போன மாதம் நூடுல்ஸ் கடையில் நானும் சோஹெய்யும் தெரியாமல் ஒரே முள்ளங்கித் துண்டைப் பிடித்துவிட்டோம். "ஐயய்யோ, விடு விடு!" என்று அவன் அலறியதில் கடையே திரும்பிப் பார்த்தது. வயிறு வலிக்கச் சிரித்தோம்.

அவன் இப்போது வாசலில் காத்திருந்தான். வடக்கே தூரத்தில் சப்போரோ நகரத்தில் அவனுக்கு வேலை கிடைத்துவிட்டது, கல்யாணம் செய்துகொண்டு நானும் வர வேண்டும் என்றிருந்தான். எலும்பு பொறுக்கி முடித்ததும் அம்மாவிடம் சொல்லிவிடுவதாக இருந்தேன்.

அம்மாவின் கணக்கு வேறு. நான் ஒரே பெண். எங்கள் வெந்நீர் ஊற்று விடுதியின் சமையல்காரர் இசாவோ என்னைக் கட்டி, எங்கள் குடும்பப் பெயரையும் வாங்கிக்கொண்டு விடுதியைப் பார்த்துக்கொள்ள வேண்டும். அப்பாவின் ஆசையும் அதுதான்.

கடைசியில் தொண்டை எலும்பு மிஞ்சியது. "ரொம்ப நெருங்கின ரெண்டு பேர் வாங்க," என்றார் சுடுகாட்டு ஊழியர். அம்மாவும் நானும் என்றுதான் குச்சியை எடுத்தேன்.

"கயோகோ, நீயும் இசாவோவும் எடுங்க," என்றாள் அம்மா.

சொந்தக்காரர்கள் அத்தனை பேரும் நிமிர்ந்தார்கள். "அப்ப முடிவாயிடுச்சா? நல்லது, நல்லது," என்றாள் அத்தை. அடேயப்பா, அம்மாவின் மூளை யாருக்கு வரும்! கல்யாணப் பேச்சை அப்பாவின் சாம்பலுக்கு மேலேயே முடித்துவிட்டாள்.

"மன்னிச்சுக்குங்க சின்னம்மா," என்று என்னிடம் முணுமுணுத்தார் இசாவோ. இருவரும் சேர்ந்து எலும்பைத் தூக்கினோம். எனக்கு அழுகை வரவில்லை, கோபம்கூட வரவில்லை. உள்ளே எல்லாம் மரத்துப்போயிருந்தது. விட்டால் அப்பா கீழே விழுவார் என்பது மட்டும் தெரிந்தது. விடவில்லை.

கலயத்தை வெள்ளைத் துணியில் கட்டி என்னிடம் கொடுத்தார்கள். வாசலில் சோஹெய் ஓடி வந்தான்.

"அம்மாகிட்ட சொன்னியா?"

"அப்பாவைப் புடிச்சிட்டிருக்கேன், சோஹெய். விட முடியல."

அவன் கலயத்தைப் பார்த்தான். பின்னால் வந்துகொண்டிருந்த இசாவோவைப் பார்த்தான். எங்கள் இருவருக்குமாகக் குனிந்து வணங்கிவிட்டுப் போனான்.

இசாவோ கார்க் கதவைத் திறந்தார். ஏறி உட்கார்ந்தேன். மடியில் கலயம் இன்னும் சுட்டது.