ஐம்பத்திரண்டில் ஒன்று

அக்காவும் தங்கையும் முகம் பார்த்துப் பேசி இரண்டு வருடம் ஆகியிருந்தது. ஒரே ஊர்தான், பஸ்ஸில் நாலு நிறுத்தம். அக்கா பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். தங்கை வீட்டின் முன்பக்கத்திலேயே துணிகளைத் திருத்தித் தைத்துக் கொடுக்கும் கடை வைத்திருந்தாள்.

அக்காவின் மகள் சிட்டுவுக்கு அப்போது ஆறு வயசு. பள்ளி விட்டதும் சித்தியின் கடைக்கு வந்துவிடுவாள். ஒருநாள் சூடான இஸ்திரிப் பெட்டியைக் குட்டை ஸ்டூலில் வைத்துவிட்டுத் தங்கை போன் பேசப் போனாள். திரும்புவதற்குள் பிள்ளையின் முன்கை வெந்துவிட்டது. பதறி ஓடிவந்த அக்காவிடம், "இவதான் ஒயரைப் பிடிச்சு இழுத்துட்டா" என்று வாய் கூசாமல் சொன்னாள். "நான் இழுக்கல" என்று அழுத சிட்டுவுக்கு, கட்டுப் போட்ட கையோடு முதுகில் அம்மாவின் அடியும் ஒன்று விழுந்தது. ஒரு மாதம் கழித்துத் தங்கையின் கணவர் வாய் தவறி உண்மையை உளறினார். அன்றோடு அக்கா போன் எடுப்பதை நிறுத்திவிட்டாள்.

போன வாரம் அக்காவே கூப்பிட்டாள். குரலில் குழைவே இல்லை. "சிட்டு ஏதோ வீடியோ பார்த்துட்டு டம்ப்ளிங் வேணும்னு உயிரை வாங்குறா, அதான் அந்தச் சீனாக்காரங்க கறிக் கொழுக்கட்டை. சித்தி செஞ்சா மடிப்பு நல்லா வருமாம். ஞாயித்துக்கிழமை மத்தியானம் கூட்டிட்டு வரேன்." வைத்துவிட்டாள்.

ஞாயிறு வருவதற்குள் தங்கை மூன்று தடவை செய்து பார்த்தாள். முதல் தடவை மாவு ரப்பராக இழுத்தது. இரண்டாம் தடவை ஆவியிலேயே வாயைப் பிளந்துகொண்டது. மூன்றாவது தேவலை. "சாப்பாட்டு மேசையில உக்காந்தாலே பயமா இருக்கு" என்று அவள் கணவர் சலித்துக்கொண்டார்.

ஞாயிற்றுக்கிழமை விடிந்ததும் ஒரு வாடிக்கையாளர் தன் கோட்டு ஒன்றைத் தூக்கிக்கொண்டு கதவைத் தட்டினார். அன்றே வேண்டுமாம். தைத்துக் கொடுத்துவிட்டு, மணியைப் பார்த்து, போட்டிருந்த சட்டையோடு அப்படியே அடுக்களைக்கு ஓடினாள். மைதாவைப் பிசைந்து ஈரத்துணி போட்டு மூடினாள். முட்டைக்கோஸைப் பொடியாக அரிந்து, உப்புப் போட்டுப் பிழிந்தாள். கொத்திய கோழிக்கறி, இஞ்சி, வெங்காயத்தாள், சோயா சாஸ் எல்லாவற்றையும் கையாலேயே கலந்தாள். ஓரம் மெலிசாக, நடு தடிமனாகத் தேய்த்து, கறியை வைத்து, ஓரத்தில் தண்ணீர் தொட்டுக் கொசுவம் கொசுவமாக மடித்தாள். பாவாடைக்கு வைக்கிற கொசுவம்தான், விரலுக்குப் புதிதில்லை. ஐம்பத்திரண்டு வந்தது.

சட்டை மாற்றப் போனவள் கண்ணாடி முன்னால் அப்படியே நின்றுவிட்டாள். காலர் ஓரத்தில் எப்போதும் நாலு குண்டூசி குத்தியிருப்பாள். மூன்றுதான் இருந்தது.

"ஏங்க, இங்க வாங்களேன்."

இருவரும் தரையைத் துழாவினார்கள். பெருக்கினார்கள். சிங்க், குப்பைக்கூடை, மாவு டப்பா, எதிலும் இல்லை. கணவர் கடையிலிருந்து ஊசி பொறுக்கும் காந்தத்தை எடுத்துவந்து தட்டுக்கு மேலே ஓட்டினார். "பாரு, ஒண்ணும் ஒட்டல. இல்லைன்னு அர்த்தம்."

"மாவுக்குள்ள, ஈரக் கறிக்குள்ள இருந்தா அது எப்படி வெளிய வரும்?"

அவர் யோசித்துவிட்டு, அவள் காலரிலிருந்து ஒரு குண்டூசியை உருவி ஒரு டம்ப்ளிங்குக்குள் செருகிக் காந்தத்தைப் பிடித்தார். ஊசி உள்ளே இருந்தும் ஓர் அசைவும் இல்லை.

"ஐயோ, மொதல்ல அதை எடுங்க! அதையும் தொலைச்சுடாதீங்க!"

அவர் அதை உருவித் துடைத்தார். மெதுவாகச் சொன்னார்: "கறி கெட்டுப்போச்சுன்னு சொல்லிடு. எல்லாத்தையும் கொட்டிடலாம். வெளிய போய்ச் சாப்பிட்டுக்கலாம். இப்பதான் உங்கக்கா நம்ம வீட்டுப் படி ஏறுறாங்க. குண்டூசின்னு சொன்னா அவ்வளவுதான், ஜென்மத்துக்கும் வர மாட்டாங்க."

அது தங்கைக்கும் தோன்றாமல் இல்லை. இரண்டே வார்த்தை. யாருக்கும் நஷ்டமில்லை. அதற்குள் அழைப்பு மணி அடித்தது.

சிட்டு இப்போது வளர்ந்திருந்தாள். செருப்பை உதறிவிட்டு நேராக அடுக்களைக்குள் பாய்ந்தாள். "சித்தி! இவ்வளவா! அம்மா, வந்து பாரேன்!" கை நீட்டித் தட்டைத் தொடப் போனாள். முன்கையில் அந்தத் தழும்பு, பளபளவென்று.

"காலையிலேர்ந்து இவ பச்சைத் தண்ணி குடிக்கல. இதுக்குத்தான்" என்றாள் அக்கா. உட்காரவில்லை. கைப்பையைக்கூடக் கீழே வைக்கவில்லை.

கணவர் வாசலோரம் நின்று கண்ணைக் காட்டினார். "அக்கா, இந்தக் கறி..." என்று தங்கை ஆரம்பித்தாள். தழும்புதான் கண்ணில் பட்டது. "இந்தக் கறியில ஒரு குண்டூசி விழுந்திருக்கலாம். என் சட்டையிலேர்ந்து. ஒண்ணைக் காணோம். எங்க தேடியும் கிடைக்கல."

அக்கா சட்டென்று சிட்டுவின் மணிக்கட்டைப் பிடித்துப் பின்னால் இழுத்தாள். அப்படியே வாசலைப் பார்த்துப் போய்விடுவாள் என்றுதான் தங்கை நினைத்தாள்.

"எத்தனை இருக்கு?"

"ஐம்பத்திரண்டு."

அக்கா பையை நாற்காலியில் வைத்தாள். வாட்சைக் கழற்றினாள். கை கழுவினாள். "வெள்ளைத் தட்டு ரெண்டு கொண்டா. முள்கரண்டியும்."

ஒவ்வொன்றாகப் பிரித்துக் கறியைத் தட்டில் மெலிசாகப் பரப்பி, முள்கரண்டியால் கீறிப் பார்த்தார்கள். இத்தனை நேரம் பார்த்துப் பார்த்து வைத்த கொசுவம் எல்லாம் பிய்ந்து ஒரு பக்கம் குவிந்தது. சிட்டு எட்ட நின்று எண்ணினாள். பத்து. இருபது. முப்பதைத் தாண்டியதும் தங்கைக்கு வேறொரு பயம் பிடித்தது: ஒருவேளை இதில் இல்லாமலே போனால்? வெறும் பீதியைக் கிளப்பியவள் என்று பெயர் வாங்க வேண்டியதுதான். இருந்துவிட்டால்? அதை நினைக்கவே முடியவில்லை.

நாற்பத்தேழாவதில் அக்காவின் கரண்டி 'டிக்' என்றது.

கறிக்கு நடுவே, படுக்கைவாட்டில் கிடந்தது. அக்கா அதை நகத்தால் எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள்.

"இவ வேகமா முழுங்குற பிள்ளடி" என்றாள். குரல் ஏறியது. "மென்னு கூடத் திங்க மாட்டா! அடுக்களைக்குள்ள குண்டூசியோட வருவியா நீ? அறிவிருக்கா? ஒரு தடவை பட்டது போதாதா?"

தங்கை நின்ற இடத்திலேயே நின்றாள். எல்லாம் உண்மைதான்.

"இன்னும் அஞ்சு பாக்கி இருக்கு" என்றாள் சிட்டு.

அந்த ஐந்தையும் பிரித்தார்கள். ஒன்றுமில்லை. அக்கா மொத்தக் கறியையும் குப்பையில் தள்ளினாள். "இதை நான் நம்ப மாட்டேன். வேற என்ன இருக்கு?"

முட்டை இருந்தது. பாதி முட்டைக்கோஸ் இருந்தது. கணவர் மைதா வாங்க ஓடினார். இந்தத் தடவை தங்கை தலைக்குத் துணி கட்டி, துவைத்த சட்டை போட்டுக்கொண்டு வந்தாள். அக்கா மாவு தேய்த்தாள். வட்டம் ஒன்றுகூட வரவில்லை. "கணக்கு டீச்சருக்கு வட்டம் வரலையே" என்று சிட்டு சிரித்தாள். அக்கா சிரிக்கவில்லை; ஆனால் திட்டவும் இல்லை.

பிள்ளையின் விரலைப் பிடித்து மடிப்பு வைக்கச் சொல்லித் தரும்போது, அக்காவுக்கும் கேட்கும்படியே தங்கை சொன்னாள்: "சிட்டு, அன்னைக்கு நீ ஒயரை இழுக்கல. பெட்டியை ஸ்டூல்ல வச்சது நான். உன்மேல பழி போட்டது தப்பு."

"அது எனக்குத் தெரியும் சித்தி" என்றாள் சிட்டு, மடிப்பிலிருந்து கண்ணை எடுக்காமல். "நீங்க ஏன் அப்பவே சொல்லல?"

"பயந்துட்டேன்."

சிட்டு கொஞ்சம் யோசித்தாள். "நானும்தான் பயந்தேன்." தேய்ப்பதை அக்கா ஒரு கணம் நிறுத்தியது கேட்டது. பிறகு பூரிக்கட்டை மறுபடி உருண்டது.

சாப்பிட மூன்று மணி ஆகிவிட்டது. பாதி டம்ப்ளிங் ஆவியில் வாயைப் பிளந்துகொண்டது. வாயில் வைக்குமுன் ஒவ்வொன்றையும் அக்கா நடுவில் பிட்டுப் பார்த்துத்தான் மகளுக்குக் கொடுத்தாள். தங்கை அதைப் பார்த்தும் பார்க்காத மாதிரி இருந்தாள். சிட்டு பதினொன்று தின்றாள்.

கிளம்பும்போது அக்கா வாட்சை மாட்டினாள். "போயிட்டு வரேன்" என்று சொல்லவில்லை. படி இறங்கப் போனவள் நின்று, திரும்பாமலே கேட்டாள்.

"மிச்சம் இருக்குல்ல? ஒரு டப்பாவுல போட்டுக் கொடு. இவங்கப்பா சாப்பிடுவாரு."