பெருவிரல் பதிந்த பிஸ்கட்

ஓவனைத் திறந்தபோதுதான் உருண்டைகளை அழுத்தாமல் உள்ளே வைத்துவிட்டது நினைவுக்கு வந்தது. பாதாம் மாவு மைதாவைப் போல இளகிப் படராது. உருட்டி வைத்தால் உருண்டையாகவே வேகும். நான் சமையல் வேலை செய்யும் வீட்டு மங்கையர்க்கரசி அம்மா ஒவ்வொன்றையும் பெருவிரலால் அழுத்தித்தான் உள்ளே தள்ளுவார். அவர் இறந்து அன்றோடு நாற்பத்திரண்டு நாள். அதன் பிறகு நான் டம்ளரின் அடியால் அழுத்திக்கொண்டிருந்தேன். அன்று மறந்துபோனேன். ஆனால் தட்டில் எட்டும் தட்டையாக இருந்தன. எட்டின் நடுவிலும் ஒரு குழி.

ஒன்றை எடுத்து ஜன்னல் வெளிச்சத்தில் பார்த்தேன். குழிக்குள் ரேகை, அதன் குறுக்கே சாய்வாக ஒரு கோடு. நாற்பது வயது வரை கைநாட்டு வைத்தவள் நான். எழுத்தைவிட ரேகை எனக்குச் சீக்கிரம் பிடிபடும். அம்மாவின் பெருவிரலில் அரிவாள்மணை கிழித்த தழும்பு அப்படித்தான் சாய்ந்திருக்கும். குப்பையில் கொட்டிவிடலாம் என்று தட்டைத் தூக்கிவிட்டேன். ஹாலில் மணி நாலு அடித்தது. கொட்டவில்லை.

காரணம் ஐயா. அம்மாவின் கணவர் சொக்கலிங்கம் ஐயாவுக்குச் சர்க்கரை வியாதி. சீனியும் மைதாவும் வீட்டுக்குள் வந்து பல வருஷம். நாலு மணி டீயும் இந்த பிஸ்கட்டும்தான் அவர் ஆசையாகச் சாப்பிட்டவை. அம்மா போனபின் அதையும் தொடவில்லை, சோறும் பாதியில் நின்றது. "இது பிஸ்கட்டா நாகு, கேரம் காயா?" என்று தட்டைத் தள்ளிவிடுவார். போன வாரம் பாத்ரூம் வாசலில் மயங்கி விழுந்தார். புனேயில் இருக்கும் மகள் ஸ்மிதா, இனியும் இப்படியே கிடந்தால் இந்த பாலிகஞ்ச் வீட்டைப் பூட்டிவிட்டு அழைத்துப் போய்விடுவேன் என்று போனில் சொல்லியிருந்தாள். அவர் போனால் எனக்கும் வேலை இல்லை. செங்கல் சுமந்து தேய்ந்த இடுப்பு இது. புதிதாக ஒரு வீட்டில் குனிந்து நிமிர இனி வராது.

அன்று ஐயா மூன்று பிஸ்கட் தின்றார். முதலாவதின் குழியில் தன் பெருவிரலை வைத்து, கொஞ்ச நேரம் எடுக்காமலே இருந்தார். அப்புறம்தான் கடித்தார்.

மறுநாள் வேண்டுமென்றே அழுத்தாமல் வைத்தேன். அதற்கு மறுநாளும். குழி விழுந்துகொண்டே இருந்தது. ஐயா ராத்திரி சோற்றுக்கு ரசம் கேட்டு வாங்கினார். எனக்குப் பயம் போகவில்லை. பயத்தோடு மாவு பிசையப் பழகிவிட்டது, அவ்வளவுதான். ஓவன் சூடாகும்போது அதன் முன்னால் நிற்க மாட்டேன். அடுப்படியில் இன்னொரு ஆள் நிற்கிற அளவுக்கு இடம் விட்டே நடந்தேன்.

சனிக்கிழமை ஸ்மிதா வந்தாள். வங்காளிப் பிள்ளைகளோடு வளர்ந்தவள், என்னைச் சித்தி என்பதற்கு மாஷி என்பாள். டீயோடு வந்த தட்டைப் பார்த்தவள், ஒன்றை எடுத்துக்கொண்டு என்னை அடுப்படிக்கு இழுத்துப் போனாள்.

"என்ன நாடகம் இது, நாகு மாஷி? அம்மா மாதிரியே அழுத்தி வச்சு அப்பாவ சீட் பண்றீங்களா?"

"நான் அழுத்தல பாப்பா."

"அப்ப யாரு, பேயா, பூத்தா வந்து அழுத்துது?"

என் கையைப் பிடித்து, பெருவிரலைக் குழியில் வைத்துப் பார்த்தாள். தடித்த விரல், இறங்கவில்லை. பிறகு தன் விரலை வைத்தாள். அந்தச் சாய்ந்த கோட்டில் பட்டதும் வெடுக்கென்று எடுத்துக்கொண்டாள்.

"நாளைக்குக் காலைல ஃப்ளைட். அப்பாவுக்கும் டிக்கெட் போட்டாச்சு," என்றாள். குரல் இறங்கிப்போயிருந்தது. "மாவு மிச்சம் இருக்கா?"

அவளே பிசைந்தாள், அவளே எட்டு உருண்டை உருட்டினாள். என்னைத் தட்டைத் தொடவிடவில்லை. கதவைச் சாத்திவிட்டு இருவரும் கண்ணாடிக்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்தோம். உள்ளே கம்பி சிவந்தது. ஐந்து நிமிஷம் ஒன்றும் நடக்கவில்லை. ஸ்மிதா மூச்சை விட்டாள்.

"பாத்தீங்களா மாஷி, ஒண்ணும்..."

மூலையிலிருந்த உருண்டை மெல்ல அமுங்கியது. பிறகு அதன் பக்கத்திலிருந்தது. அவசரமே இல்லை. ஒன்றை முடித்துவிட்டு, ரேகை பதிய ஒரு கணம் நிறுத்தி, அடுத்ததற்குப் போவது போல இருந்தது. ஸ்மிதாவின் நகம் என் மணிக்கட்டில் இறங்கியது. நான் கையை எடுக்கவில்லை. ஆறு. ஏழு.

பின்னால் செருப்பு தேயும் சத்தம். ஐயா வாசற்படியைப் பிடித்துக்கொண்டு நின்றார். எங்களைப் பார்க்கவில்லை. எங்கள் தலைக்கு மேலாக ஓவனைப் பார்த்து, வீட்டுக்குள் ஒருவரோடொருவர் பேசுகிற சாதாரணக் குரலில் சொன்னார்.

"போதும் மங்கை. கை சுட்டுக்கும். நான் சாப்பிட்டுக்குறேன்."

எட்டாவது அசையவில்லை. சிவந்த வெளிச்சத்தில், உருண்டையாகவே வெந்துகொண்டிருந்தது.