மாதம் இரண்டாயிரத்து நூற்று முப்பத்தொன்பது ரூபாய் லாபம்

ஜெஸ்லினின் விலை ஒரு வீடும் பதினோரு பவுனும். மாப்பிள்ளையின் அப்பா ஆசீர் முதலில் கேட்டது ஐம்பத்தொரு பவுன். ஜெஸ்லினின் அப்பா தேவஇரக்கம் ஒரு சாயங்காலம் முழுக்கப் பேசி, மிக்சர் தட்டு மூன்று முறை காலியான பிறகு, அதைப் பதினொன்றுக்கு இறக்கினார். சரக்கையும் கொடுத்து விலையையும் கொடுக்கிற வியாபாரம் உலகத்தில் இது ஒன்றுதான். அதிலேயே நாற்பது பவுன் லாபம் பார்த்தவர் அவர்.

வீட்டு விஷயத்தில் மட்டும் ஆசீர் இறங்கவில்லை. ராயபுரம் கல்மண்டபத்தில் அரிசி மண்டி வைத்திருக்கிறவர். மூட்டையில் கொக்கியைக் குத்திப் பார்க்காமல் எதையும் வாங்காதவர்.

"வீடு பிள்ளை பேருல செட்டில்மென்ட் ஆகணும். நிச்சயத்துக்கு முந்தி மூலப்பத்திரம் எங் கையில வரணும். கடன் ஒண்ணு கெடக்குன்னு சொன்னாவளே?"

"வாலுதான் கெடக்கு அண்ணாச்சி. பதினோரு வருசம் கட்டியாச்சு. அஞ்சோ ஆறோ லச்சம் இருக்கும். தூக்கி எறிஞ்சிட்டுப் பத்திரத்தோட வாரேன்."

உள்ளறையில் ஜெஸ்லின் நிம்மதியாக மூச்சு விட்டாள். எண்ணூர்ப் பக்கம் ஒரு கண்டெய்னர் யார்டில் அவள் பில் போடுகிறாள். அதே யார்டின் வாசலில் லாரிகளுக்குக் காகிதம் பார்க்கிறவன் ஆசீரின் மகன் ஜோபின். இரண்டு வருஷமாகப் பழக்கம். அதைக் காட்டிக்கொள்ளாமல், சொந்தக்காரர் ஒருவர் வழியாகச் சுற்றிவிட்டு, இரண்டு அப்பாக்களும் தாங்களே கண்டுபிடித்த சம்பந்தம் போல அமைத்தவள் அவள்தான். ஜோபின் நல்ல பையன். ஆனால் அப்பா பேச்சைத் தாண்ட மாட்டான். அதை அவளிடம் மறைத்ததும் இல்லை. ஆகவே பத்திரம் வந்தால் ஜோபின், வராவிட்டால் இல்லை.

அந்த அஞ்சோ ஆறோ எப்படி வந்தது என்றால், தேவஇரக்கத்தின் கணக்கு அது. வாங்கியது இருபத்தைந்து லட்சம். கட்டியது இருபத்தெட்டு லட்சத்துக்கு மேல். அசல் எப்போதோ தீர்ந்திருக்கும், வட்டியில் கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருக்கும். திருவொற்றியூர் தேரடியில் இருபத்தாறு வருஷமாக மளிகைக் கடை நடத்துகிறவருக்குக் கூட்டல் கழித்தல் சொல்லித்தர யாரும் வேண்டியதில்லை.

கடன் வாங்கியது 2014இல். காலடிப்பேட்டையில் அரைக் கிரவுண்டு வீடு, முப்பத்தெட்டு லட்சம். கைப்பணம் பதின்மூன்று போக மிச்சத்துக்கு ஒரு ஃபைனான்ஸ் கம்பெனி. அதற்கு ஆள் பிடித்துக் கொடுக்கிறவன் டில்லிபாபு. கடைக்கே வந்து, பருப்பு மூட்டைமேல் உட்கார்ந்து, கால்குலேட்டரைத் தட்டினான்.

"இருவது வர்சம், அண்ணாச்சி. மாசம் டியூ இருவத்தி நாலாயிரத்தி ஐநூத்தி நாப்பத்தியொண்ணு."

"வட்டி?"

"பத்தேகால்."

தேவஇரக்கம் மனத்துக்குள் மாற்றிப் பார்த்தார். நூற்றுக்கு மாதம் எண்பத்தைந்து பைசா. அவர் தெருவில் இரண்டு ரூபாய்க்கு விடுகிறவர். சிரிப்பை அடக்கிக்கொண்டார். வட்டியைப் பற்றி அப்புறம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. பேரம் முழுவதையும் டியூமேல் திருப்பினார்.

"இருபத்தி நாலு கட்டாதுவே. இருபதுன்னா சொல்லும்."

"இன்னா அண்ணாச்சி, கத்திரிக்கா வாங்குறியா? இது கம்பெனி."

"கம்பெனியாவது கத்திரிக்காயாவது. இருபத்தொண்ணு."

அரைமணி நேரம் இழுத்தார்கள். டில்லிபாபு நெற்றியைத் துடைத்தான், தலையைச் சொறிந்தான், மேனேஜருக்குப் போன் போடுகிற மாதிரி வெளியே போய் ஒரு பீடி குடித்துவிட்டு வந்தான். "சர்தான். உனுக்காவ இருவத்தி ரெண்டாயிரத்தி நானூத்தி ரெண்டு. இதுக்கு மேல ஒரு பைசா கொறச்சா என் வேல பூடும்."

மாதம் 2,139 ரூபாய் குறைந்தது. இருபது வருஷம் என்ற கட்டத்தில் முப்பது என்று எழுதி நீட்டினான். தேவஇரக்கம் கையெழுத்துப் போட்டுவிட்டு, அவனுக்கு ஒரு கலர் சோடாவும் வாங்கிக் கொடுத்தார். அன்று ராத்திரி மனைவி ஞானபாக்கியத்திடம், "கம்பெனிக்காரனையே கவுத்துட்டேம்ட்டி" என்றார்.

அதற்குப் பிறகு கம்பெனியிலிருந்து கடிதம் வந்தால் பிரித்துப் பார்ப்பார். ஒருமுறை, பன்னிரண்டாயிரத்து ஐநூறு கட்டினால் வட்டியைக் குறைக்கிறோம் என்று வந்தது. "விலையைக் குறைக்கதுக்கு எவனாவது கூலி கேப்பானா? களவாணிப் பயலுவ" என்று அதில் பெருங்காயம் மடித்தார். கொரோனா வந்தபோது, ஆறு மாதம் டியூ கட்ட வேண்டாம் என்று வந்தது. ஊரே கடை சாத்தியிருந்த காலத்தில் மளிகைக் கடையில் மட்டும் வரிசை நின்றது. பணம் கல்லாவில் கிடந்தது. ஆனாலும் ஆறு மாதக் கடன் சும்மா வருகிறதென்றால் விடுவாரா? டியூவை நிறுத்தி, அந்தப் பணத்தில் துவரம்பருப்பு வாங்கி அடுக்கினார்.

இப்போது பத்திரத்துக்காகக் கம்பெனி ஆபீசுக்குப் போனார். மேஜையில் ரூஹி என்ற பெண். பெயரைத் தட்டி, ஒரு தாளை அச்செடுத்துத் திருப்பி வைத்தாள்.

"இன்னிக்கு மொத்தமா முடிக்கணும்னா இருபத்திநாலு லட்சத்து எழுபதாயிரத்து நானூறு சார்."

தேவஇரக்கம் சிரித்தார். "அது நான் வாங்கினதும்மா. பாக்கியைச் சொல்லு."

"பாக்கிதான் சார் இது."

"நான் இருபத்தெட்டு கட்டியிருக்கேன்."

"இருபத்தெட்டு லட்சத்து இருபத்திரண்டாயிரத்து அறுநூத்தி ஐம்பத்திரண்டு. நூத்தி இருபத்தாறு டியூ. ஒண்ணுகூட லேட் இல்ல சார், ரொம்ப நல்ல கஸ்டமர்." அவள் பேனாவால் ஒரு வரியைத் தொட்டாள். "ஆனா உங்க டியூல முக்காவாசிக்கு மேல வட்டிக்கே போயிடுது. கொரோனால ஆறு மாசம் நிறுத்தினீங்கல்ல, அந்த வட்டி அசல்ல ஏறிடுச்சு. அப்ப உங்க பாக்கி இருபத்தஞ்சு லட்சத்து முப்பதாயிரம். நீங்க வாங்கினதைவிட ஜாஸ்தி."

"அப்பம் அசல்ல எவ்வளவு கழிஞ்சிருக்கு?"

"இருபத்தொன்பதாயிரத்து அறுநூறு."

பதினோரு வருஷம். தேவஇரக்கம் தாளை உயர்த்தி வெளிச்சத்தில் பார்த்தார், கள்ள நோட்டைப் பார்க்கிற மாதிரி. அப்புறம் தெரிந்த வித்தையைச் செய்தார். "சரிம்மா, ஃபைனலா ஒரு ரேட்டு சொல்லு. இருபதுக்கு முடிச்சுக்கிடுவோமா?"

ரூஹி பேனாவைத் தாளின் கடைசி வரிக்கு நகர்த்தினாள். "இன்னொண்ணு சார். இதே டியூ கட்டினா இன்னும் முந்நூத்தி முப்பத்தஞ்சு மாசம். முடியறப்ப உங்களுக்கு எழுபத்தொன்பது வயசு. கம்பெனி எழுபதுக்கு மேல விடாது. டியூவை இருபத்திநாலாயிரத்து அறுநூத்தி நாப்பத்தாறா ஏத்துங்க, இல்ல சம்பளம் வாங்குற பொண்ணோ பையனோ கூட சேந்து கையெழுத்துப் போடணும். மூணு லெட்டர் அனுப்பியிருக்கோமே?"

மூன்றையும் முழுசாகப் படிக்காமலே கடையில் மல்லி மடித்துக் கொடுத்திருந்தார்.

படியிறங்கும்போது டில்லிபாபு எதிரே வந்தான். தலை நரைத்துவிட்டது, வேலை மட்டும் அதேதான். தேவஇரக்கம் அவன் சட்டையைப் பிடித்தார்.

"ஏமாத்திட்டியேடே!"

"கைய எடு அண்ணாச்சி. நானா ஏமாத்துனேன்? இருவது வர்சம்னு நாயமாத்தான் வந்தேன். நீதான் கொற கொறன்னு உசுர வாங்குன. டியூ கொறயணும்னா வர்சம் ஏறத்தான் செய்யும். கம்பெனி இன்னா அவுங்க ஆயா வூட்டு காசையா உனுக்குத் தரும்?" சட்டையை நீவிக்கொண்டான். "மாசம் ரெண்டாயிரம் கொறச்ச. மொத்தத்துல இருவத்திரெண்டு லச்சம் ஏத்திக்கின. என் சர்வீஸ்லயே விலைய ஏத்தச் சொல்லிப் பேரம் பேசுன ஒரே ஆளு நீதான். அதுக்குக் கலரு வேற வாங்கிக் குட்த்த பாரு, அத்த இன்னும் சொல்லிச் சொல்லிச் சிரிச்சிகினுகீறேன்."

வீட்டில் ஜெஸ்லின் தாளைப் படித்தாள். அவளுக்கு இரண்டு நிமிஷம் போதும். "அப்பா, வீட்டை வித்துருங்க. இன்னிக்கு அறுபத்திரண்டுக்குப் போகும். கடனை அடைச்சா கையில முப்பத்தேழு நிக்கும். வீட்டுக்குப் பதிலா ரொக்கம்னு அவங்ககிட்ட பேசுங்க. ஒத்துக்குவாங்க. ஜோபின் சொல்லிட்டாரு."

"ரொக்கம்னா எவ்வளவு?"

"முப்பது கேப்பாங்க. கொடுத்துருங்கப்பா. பேரம் மட்டும் பேசாதீங்க."

ஞானபாக்கியமும் கையெடுத்துக் கும்பிட்டாள். "இந்த ஒரு தடவ வாயை மூடிட்டு வாங்க. வாடகை வீட்டுல இருந்துக்கிடலாம்."

தேவஇரக்கம் தலையாட்டிவிட்டுத்தான் போனார்.

மண்டியில் ஆசீர் வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்து, எல்லாவற்றையும் முன்னமே தெரிந்து வைத்திருந்தார். கத்தவில்லை. அதுவே தேவஇரக்கத்துக்குக் கொஞ்சம் தெம்பு கொடுத்தது.

"நடந்தது நடந்து போச்சு. வித்துட்டு முப்பது கொடும். பயலுக்கும் பிள்ளைய பிடிச்சிருக்கு."

சரி என்று சொல்ல வேண்டிய இடம் அதுதான். ஆனால் எதிராளி ஒரு விலையைச் சொன்னவுடன் சரி என்பது தேவஇரக்கம் வாயில் ஒருநாளும் வந்ததில்லை. "இருபத்திரண்டுன்னு வச்சுக்கிடுவோம் அண்ணாச்சி."

ஆசீர் அவரை ஒருமுறை பார்த்தார். "இருபத்தெட்டு."

"இருபத்தி நாலு."

"கடைசியா இருபத்தேழு. இதுக்குக் கீழ இல்ல."

பேரத்தில் இதற்கு மேல் ஒரு படி உண்டு. எழுந்து போய்விட வேண்டும். நாலு எட்டு வைப்பதற்குள் கடைக்காரன் கூப்பிடுவான்; கூப்பிட்டால் பாதி வழிக்கு வருவான். இருபத்தாறு வருஷத்தில் இது பொய்த்ததே இல்லை. தேவஇரக்கம் துண்டை உதறித் தோளில் போட்டார். "அப்பம் வேண்டாம் அண்ணாச்சி, விட்டுருவோம்" என்று எழுந்தார்.

மெதுவாக நடந்தார். வாசலில் செருப்பை மாட்ட ஒரு நிமிஷம் எடுத்துக்கொண்டார். வண்டி சீட்டில் படிந்திருந்த கரித்தூளைத் துடைத்தார், இன்னொரு தடவையும் துடைத்தார். உள்ளே ஆசீர் குரல் கேட்டது. அவரைக் கூப்பிடவில்லை. "பொன்னி இருபது மூட்டை ஏத்தியாச்சா?" என்று ஆளைக் கேட்டது.

மூன்று நாள் போனுக்குக் காத்திருந்தார். தன்னைப் போலவே அங்கேயும் ஒரு வியாபாரி காத்திருப்பான், பொறுத்தவனுக்குத்தான் விலை என்று ஞானபாக்கியத்திடம் சொன்னார். நான்காம் நாள் காலையில் ஜெஸ்லினின் போனுக்கு ஜோபினிடமிருந்து ஒரு வரி வந்தது: 'அப்பா வேற இடம் முடிச்சிட்டாங்க. மன்னிச்சிரு.' அவள் அதை அம்மாவிடம் காட்டினாள். அம்மா அப்பாவிடம் காட்டினாள். தேவஇரக்கம் ஆசீருக்குப் போன் போட்டார்.

"அண்ணாச்சி, இருபத்தேழே இருக்கட்டும். ஏன், முப்பதே..."

"சரக்கு போயிட்டுவே" என்றார் ஆசீர். போனை வைத்துவிட்டார்.

ஜெஸ்லின் இரண்டு நாள் வேலைக்குப் போகவில்லை. மூன்றாம் நாள் போனாள். ஜோபின் வாசலில் நின்றிருந்தான். அவள் பின்பக்க கேட் வழியாக நுழைந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை கோயிலிலிருந்து வந்ததும் தேவஇரக்கம் கம்பெனிப் படிவத்தை அவள் முன்னால் வைத்தார். முகத்தைப் பார்க்காமல் சொன்னார்: "நீ ஒரு கையெழுத்துப் போட்டா டியூ ஏறாது. பேசி முடிச்ச விலையிலேயே நிக்கும்."

"அந்த ரெண்டாயிரத்தை ஏத்திக் கட்ட மாட்டீங்க?"

"மாசாமாசம் போகும்லாட்டி."

ஜெஸ்லின் படிவத்தை ஓரமாக நகர்த்தினாள். கடையின் பேரேட்டை எடுத்து வரச் சொன்னாள்.

"கடனை நான் எடுத்துக்குறேன். முழுசா. ஏத்துன டியூ, என் சம்பளத்துல. உங்களுக்கு இனிமே ஒரு பைசா டியூ இல்ல. வீடு என் பேருக்கு வரணும். நீங்களும் அம்மாவும் இங்கேயே இருங்க."

"அவ்வளவுதானா?"

"இன்னொண்ணு. ஜோபின் விஷயத்துல மூணு லட்சம் மிச்சம் பிடிச்சீங்கல்ல, இருபத்தேழுக்கும் இருபத்தி நாலுக்கும் நடுவுல? அது என்னோட பணம். என்னைப் பேரம் பேசினதுல வந்த மிச்சம். அதை எனக்குத் தரணும்."

"இல்லாத பணத்தை எப்படித் தருவேன்?"

"அசல் இருக்கட்டும். வட்டி மட்டும் கொடுங்க. தெருவுல நீங்க விடுற அதே ரேட்டு."

ஞானபாக்கியம் வாயில் முந்தானையை வைத்துக்கொண்டாள். தேவஇரக்கம் கண்ணை மூடிக் கணக்குப் போட்டார். போகிற இருபத்திரண்டாயிரத்து நானூற்றிரண்டு நின்றுவிடும், கொடுப்பது ஆறாயிரம். மாதம் பதினாறாயிரத்துச் சொச்சம் லாபம். அவர் முகம் ஒரு வாரத்துக்குப் பிறகு கொஞ்சம் தெளிந்தது.

"அஞ்சாயிரம்னு வச்சுக்கிடுவோமா?" என்றார்.

மகள் பேரேட்டில் எழுதத் தொடங்கினாள். எழுதி முடித்துத் திருப்பி வைத்தாள். அவர் கண்ணாடியை மாட்டி, விரல் வைத்து ஒவ்வொரு வரியாகக் கூட்டிப் பார்த்தார். பிழை இல்லை. கீழே கையெழுத்துப் போட்டார்.

வீட்டின் விலை: 38,00,000
அப்பா கைப்பணம்: 13,00,000
அப்பா கட்டிய டியூ, 126 மாதம்: 28,22,652
ஜெஸ்லின் கட்ட வேண்டியது, 228 மாதம், மாதம் 24,646: 56,19,288
ஆக, வீட்டுக்கு மொத்தம்: 97,41,940
டியூ முடியும்போது ஜெஸ்லினுக்கு வயது: 43

ஜோபின் வகையில் அப்பா தர வேண்டிய அசல்: 3,00,000
வட்டி, நூற்றுக்கு இரண்டு ரூபாய், மாதம்: 6,000
அசலில் வரவு: இல்லை
நிலுவை: 3,00,000