லிம்போசார்கோமாக்காரி

அந்த வீட்டின் மூத்த மருமகளுக்கு ஒரு பட்டம் உண்டு. படித்து வாங்கியதில்லை. கல்யாணமான மறு வருஷம் கழுத்தில் புற்றுக்கட்டி வந்து வாங்கியது. லிம்போசார்கோமா. அந்த வார்த்தையை நாக்குப் பிசகாமல் சொல்ல அந்த வீட்டில் அவள் ஒருத்தியால்தான் முடியும். 'லிம்போ' என்று மெதுவாக ஆரம்பிப்பாள். 'சார்' வரும்போது ஓர் அழுத்தம் கொடுப்பாள். 'கோமா' என்று முடிக்கும்போது எதிரில் இருப்பவர் முகத்தைப் பார்ப்பாள். கோமா என்ற சத்தத்திலேயே பாதிப் பேருக்கு முகத்தில் ஈயாடாது. அந்தக் கோமாவுக்கும் இதற்கும் ஸ்நானப் பிராப்திகூடக் கிடையாது என்பது அவளுக்குத் தெரியும். ஆனால் சொல்ல மாட்டாள்.

வீட்டின் கீழ்த்தளத்தில் கர்ட்டன் கடை. முன்பக்கம் துணி உருளைகள் வரிசையாக நிற்கும். பின்னால் தையல் அறை. மாடியில் அண்ணன் தம்பி இரண்டு குடும்பமும் இருந்தது. தம்பி வீடு வீடாகப் போய் ஜன்னலை அளந்து வருவார். அண்ணன் கம்பி மாட்டிக் கொடுப்பார். சின்ன மருமகள் மெஷினில் உட்கார்ந்தால் முதுகை நிமிர்த்தாமல் தைப்பாள். பெரியவளுக்கு வெட்டுகிற மேஜை. கத்தரிக்கோலை மட்டும்தான் தொடுவாள். உருளையைத் தூக்க வேண்டிய நேரம் வந்தால் கை கழுத்துக்குப் போகும். உடனே யாராவது ஓடி வந்து தூக்கிவிடுவார்கள். விலையைக் குறைக்கச் சொல்லி நச்சரிக்கும் வாடிக்கையாளரிடம், "லிம்போசார்கோமாவையே பார்த்துட்டு வந்தவ நான், என்கிட்ட வந்து பேரம் பேசுறீங்களே" என்பாள். அதற்கு மேல் யார் வாயைத் திறப்பார்கள்?

இது போதாதென்று ஒரு கதை வேறு இருக்கிறது. "ஆறு மாசம் பச்சைத் தண்ணி இறங்கல. கரண்டு வச்சாங்க பாரு, தொண்டைக்குள்ள அடுப்பை மூட்டின மாதிரி. புருவத்து முடிகூட மிஞ்சல. வேற ஒருத்தியா இருந்தா தாங்கியிருக்க மாட்டா." இதை அவள் சொல்லும்போது பக்கத்தில் இருக்கும் கணவர் எழுந்து போய்விடுவார். மனைவி பட்ட பாட்டைக் காதால் கேட்கக்கூட அவருக்குப் பொறுக்கவில்லை என்று எல்லோரும் நினைத்துக்கொள்வார்கள். சின்ன மருமகள் அப்போது இந்த வீட்டுக்கு வந்திருக்கவில்லை, தம்பியும் வெளியூரில் இருந்தார்; மறுத்துச் சொல்ல ஆளில்லாமல் கதை வருஷா வருஷம் வளர்ந்தது. நோய் போய் எத்தனையோ காலமாகியும் கதை மட்டும் நன்றாகத் தின்று கொழுத்திருந்தது.

இப்படி இருக்கும்போதுதான் சின்னவளுக்குக் கழுத்தில் நெறி கட்டியது. முதலில் தொட்டுப் பார்த்தது பெரியவள்தான். "ஒண்ணுமில்லடி, சொத்தைப் பல்லா இருக்கும்" என்றாள். கட்டி கரையவில்லை. வெட்டி எடுத்துச் சோதனைக்கு அனுப்பினார்கள். சின்னவளின் கணவர் ஆஸ்பத்திரியிலிருந்து வந்து, வேன் சாவியைக் கீழே வைக்கக்கூடத் தோன்றாமல் நின்றபடியே, "லிம்போமாவாம் அண்ணி" என்றார்.

பெரியவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது. அழுதாள். அது நிஜமான அழுகைதான், அதில் குறை சொல்லக் கூடாது. அழுது முடித்து மூக்கைத் துடைத்ததும் அவள் மனசில் வந்த முதல் நினைப்பு என்ன தெரியுமா? பெயர் பாதிதான் இருக்கிறதே என்பது.

"சரியாக் கேட்டீங்களா தம்பி? லிம்போமாதானே? சார்கோமா இல்லையே?"

"இல்ல அண்ணி, லிம்போமான்னுதான் சொன்னாங்க."

"அப்ப பரவாயில்ல. அது சின்னது" என்றாள்.

சின்னதோ பெரியதோ, வீடு மொத்தமும் அந்தப் பக்கம் சாய்ந்துவிட்டது. காற்று வருகிற அறையைச் சின்னவளுக்கு ஒழித்துக் கொடுத்தார்கள். எத்தனையோ வருஷமாகக் கடைக்குள் நுழைந்ததும் "உடம்பு எப்படிம்மா இருக்கு?" என்று பெரியவளைக் கேட்டுவிட்டுத்தான் துணி பார்த்த வாடிக்கையாளர்கள், இப்போது வெட்டுகிற மேஜையைத் தாண்டி நேராக மெஷினுக்குப் போனார்கள். முன்னே வந்த காதைப் பின்னே வந்த கொம்பு மறைத்தது. கணவர் வேறு ஒருநாள், "பாவம், அவளைப் பார்த்தா மனசு கேக்கல" என்று சொல்லிவிட்டார்.

"என்னைப் பார்த்தப்ப மட்டும் கேட்டுச்சாக்கும்!"

"இப்ப எதுக்கு அது?"

"எதுக்கா? எனக்கு வந்தது எது, அவளுக்கு வந்தது எது? பேரை வச்சே தெரிய வேணாமா?"

இதையெல்லாம்கூடத் தாங்கிக்கொண்டாள். சின்னவளின் மகள் விஷயம்தான் வயிறு பற்றியெரிய வைத்தது. பெரியவளுக்குப் பிள்ளையில்லை. அந்தப் பெண் நடக்கத் தொடங்கிய நாளிலிருந்து "பெரியம்மா, பெரியம்மா" என்று இவள் காலைத்தான் சுற்றிக்கொண்டிருந்தாள். கல்லூரி விட்டு வந்தால் பை ஒரு மூலை, செருப்பு ஒரு மூலை, நேராகப் பெரியம்மா மடி. இப்போது வாசலில் செருப்பை ஒழுங்காகக் கழற்றிவிட்டு அம்மா அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். பெரியவள் கலக்கி வைத்த காபி மேஜைமேல் ஆறிப்போய் ஆடை கட்டியது. நோயாளியைப் பார்த்துப் பொறாமைப்படுகிறோமே என்று அவளுக்கு வெட்கமாகவும் இருந்தது. வெட்கப்பட்டதால் பொறாமை ஒன்றும் குறைந்துவிடவில்லை.

சின்னவளோ வைத்தியத்துக்கே வரமாட்டேன் என்று உட்கார்ந்துவிட்டாள். மருந்து ஏற்றிக்கொள்ள நாள் குறித்தாகிவிட்டது. அன்று காலையில் அவள் மெஷினைவிட்டு எழுந்திருக்கவே இல்லை.

"அக்கா பட்டதெல்லாம் என்னால பட முடியாதுங்க" என்றாள் கணவரிடம். "அவங்க உடம்பு இரும்பு. ஆறு மாசம் தண்ணியில்லாம என்னால இருக்க முடியுமா? இருக்கிற வரைக்கும் நிம்மதியா இருந்துட்டுப் போறேன்."

இதைக் கேட்டதும் பெரியவளுக்கு உச்சி குளிர்ந்தது. ஆமாம், குளிரத்தான் செய்தது. இத்தனை நாளைக்கப்புறம் வீட்டில் ஒருத்தி வாய்விட்டு அவள் பெருமையைச் சொல்கிறாள். அத்தோடு விட்டாளா? "ஆமாமா, தொண்டைக்குள்ள அடுப்பு மாதிரி…" என்று ஆரம்பித்தேவிட்டாள். சின்னவள் அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

இரண்டு நாள் கழித்துத் தம்பி கெஞ்சினார். "அண்ணி, நீங்க வாங்க. அனுபவப்பட்டவங்க. டாக்டர்கிட்ட என்ன ஏதுன்னு கேட்டு அவளுக்கு எடுத்துச் சொல்லுங்க." பெரியவள் நல்ல புடவையாக எடுத்துக் கட்டிக்கொண்டு கிளம்பினாள்.

டாக்டர் சின்ன வயசுப் பெண். "உங்களுக்கும் ஏதோ இருந்துச்சுன்னு சொன்னாரே?" என்றாள்.

"லிம்போசார்கோமா." 'சார்' அழுத்தம் கொஞ்சமும் குறையவில்லை.

டாக்டருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "அட! இந்தப் பேரை நான் புத்தகத்துலதாம்மா படிச்சிருக்கேன். உங்களுக்கு வைத்தியம் பார்த்தவர் ரொம்ப வயசானவரோ?"

"பெரிய டாக்டர். தலையெல்லாம் பஞ்சா நரைச்சிருக்கும்."

"அதான். அப்பவே அது வழக்கம் போய்க்கிட்டிருந்த பேரு. சார்கோமான்னா சதைக்கட்டி. நெறியில வர்ற பல வகைப் புற்றை அந்தக் காலத்துல அந்த ஒரே பேர்ல போட்டு வச்சிருந்தாங்க. அப்புறம் வகை வகையாப் பிரிச்சாச்சு. மொத்தத்துக்கும் லிம்போமான்னு பேரு. சார்கோமாங்கறதை இப்ப எலும்பு, தசைன்னு வேற இடத்துல வர்றதுக்குத்தான் சொல்றோம்."

"அப்ப என்னுது?"

"லிம்போமாதாம்மா. எந்த வகைன்னு அப்ப எடுத்த சதையைப் பார்த்தாத்தான் சொல்ல முடியும். ஆனா இதே குடும்பம்தான்."

பெரியவள் நாற்காலியில் நகர்ந்து உட்கார்ந்தாள். "அப்ப அந்தப் பேரை இப்ப யாருமே சொல்றதில்லையா?"

"சொல்றாங்களே, கால்நடை டாக்டருங்க! நாய்க்கு, மாட்டுக்கு வந்தா இன்னமும் லிம்போசார்கோமான்னு சொல்றவங்க இருக்காங்க."

தம்பி அடக்க முடியாமல் இருமினார். பெரியவள் அவரைப் பார்த்த பார்வையில் இருமல் நின்றுவிட்டது.

டாக்டரின் சிரிப்பும் போய்விட்டது. "உங்க ஓரகத்திக்கு வந்திருக்கிறது வேகமா வளர்ற வகை. ஆனா மருந்துக்கு நல்லாக் கேட்கும். நிறையப் பேர் குணமாகிப் போயிருக்காங்க. இந்த வாரமே ஆரம்பிக்கணும். தள்ளிப் போட்டீங்கன்னா அப்புறம் என் கையில இல்ல. எதுக்கு இவ்வளவு பயப்படறாங்க?"

"அண்ணி பட்ட கஷ்டத்தைக் கேட்டுக் கேட்டு வந்த பயம் டாக்டர்" என்றார் தம்பி, சூதுவாது இல்லாமல்.

"அப்படியாம்மா? வாந்தி, அசதியெல்லாம் இருந்திருக்கும். ஆனா அப்பவும் ஒரு மாத்திரை குடுத்திருப்பாங்களே, அதுக்குப் பேய்ப்பசி பசிச்சிருக்குமே?"

"பசிச்ச மாதிரி ஞாபகமில்ல" என்றாள் பெரியவள்.

வேனில் திரும்பும்போது, "அப்ப ரெண்டும் ஒண்ணுதானா அண்ணி?" என்றார் தம்பி.

"ரோட்டைப் பார்த்து ஓட்டுங்க. இந்த நாய்க்கதையெல்லாம் வீட்ல போய்ச் சொல்ல வேணாம். நானே பேசிக்கிறேன்."

சொல்லத்தான் அவளுக்கு வாய் வரவில்லை. சொன்னால் தன்னிடம் என்ன மிச்சம் இருக்கும்? அழகில்லை, படிப்பில்லை, பிள்ளையில்லை. அந்த ஒரு வார்த்தைதான் இருந்தது. அதையும் இந்த மெஷின்காரியோடு பங்கு போட்டுக்கொள்ள வேண்டுமா? அன்று முழுக்க வெட்டுகிற மேஜையில் எதையும் வெட்டாமல் நின்றாள். மறுநாள் ஒரு ஜன்னல் துணியைக் கோணலாக வெட்டித் தொலைத்தாள்.

அன்று மத்தியானம் தையல் அறைக்குள் போனபோது சின்னவள் மகளைப் பக்கத்தில் உட்கார வைத்து, மேல்மடிப்புக்கு நாடா வைப்பது எப்படி என்று தைத்துக் காட்டிக்கொண்டிருந்தாள். எந்தப் பெட்டியில் கொக்கி இருக்கிறது, எந்த மெஷினுக்கு எந்த ஊசி, எல்லாம் சொன்னாள். எதற்காகச் சொல்கிறாள் என்று அந்தப் பெண்ணுக்கும் புரிந்திருந்தது.

"வாங்கக்கா" என்றாள் சின்னவள். "உங்ககிட்டதான் ஒண்ணு சொல்லணும்னு இருந்தேன். உங்களுக்கு வந்தது பேர் பெத்த வியாதி, அதுக்கு அப்பவே மருந்து இருந்துச்சு. என்னுது வேற ஏதோ. நான் தேற மாட்டேன்னுதான் படுது. இவளை நீங்க எடுத்துக்குங்கக்கா. சின்னதிலிருந்தே உங்க பிள்ளை மாதிரிதானே. எனக்கே எத்தனையோ தடவை பொறாமையா இருந்திருக்கு. இனிமே உங்களுக்கேதான்."

பெரியவள் இத்தனை வருஷமாக ஆசைப்பட்டது இதற்குத்தான். ஒரு நாள்கூட இதை நினைக்காமல் அவள் தூங்கியதில்லை. இப்போது கேட்காமலே தட்டில் வைத்து நீட்டுகிறாள். பெரியவள் அந்தப் பெண்ணைப் பார்த்தாள். அவளோ அம்மாவின் கழுத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். பெரியம்மா என்று ஒருத்தி அறைக்குள் நிற்பதே அவள் கண்ணில் படவில்லை. இனிமேலும் படாது என்று பெரியவளுக்குப் பட்டது. சின்னவள் செத்துப்போனால் படத்துக்குள் போய் உட்கார்ந்துகொண்டு தெய்வமாகிவிடுவாள். உயிரோடு இருக்கிற ஓரகத்தியோடு மல்லுக்கு நின்று என்றைக்காவது ஜெயிக்கலாம். செத்தவளோடு யார் போட்டி போடுவது? எங்கிருந்தோ கோபம் பொத்துக்கொண்டு வந்தது. கோபத்துக்குப் பின்னால் பயம். அதுவும் தனக்காக வந்த பயமில்லை.

"மெஷினை நிறுத்துடி முதல்ல!"

சின்னவள் திடுக்கிட்டு நிறுத்தினாள்.

"சார்கோமாவும் இல்ல, கத்தரிக்காயும் இல்ல. அது பழைய பேராம். இப்ப நாய்க்கும் மாட்டுக்கும் மட்டும் சொல்றாங்களாம். எனக்கு வந்ததும் லிம்போமாதான். அந்த டாக்டரம்மாவே சொன்னாங்க. உன் புருஷனும் கேட்டுக்கிட்டுதான் இருந்தாரு."

"என்னைத் தேத்தறதுக்காகச் சொல்லாதீங்கக்கா. ஆறு மாசம் தண்ணிகூட இறங்காம…"

"இறங்குச்சுடி! எல்லாம் நல்லா இறங்குச்சு!" பெரியவள் முகம் சிவந்துவிட்டது. வாசல் பக்கம் திரும்பி, "ஏங்க! இங்க வாங்க!" என்று கத்தினாள்.

கம்பியும் கையுமாகக் கணவர் வந்து நின்றார்.

"நான் ஆஸ்பத்திரியில எவ்வளவு சாப்பிட்டேன்னு இவகிட்டச் சொல்லுங்க."

அவர் விழித்தார். இத்தனை வருஷமாக முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்துப் பழகிய மனுஷன். "பச்சைத் தண்ணிகூட…" என்று இழுத்தார்.

"நிஜத்தைச் சொல்லுங்க!"

"அது வந்தும்மா," என்றார் சின்னவளிடம், தரையைப் பார்த்துக்கொண்டே. "முதல்ல ரெண்டு வாரம் தொண்டை புண்ணா இருந்துச்சு, கஷ்டப்பட்டா. வாந்தியும் எடுத்தா, இல்லேங்கல. அதுக்கப்புறம் மாத்திரைக்குப் பசி எடுத்துருச்சு. ரெண்டு ஆள் சாப்பாடு கொண்டு போவேன். எனக்கு மிச்சம் வைக்க மாட்டா. வீட்டுக்குத் திரும்பி வந்தப்ப ரவிக்கையெல்லாம் பிரிச்சுத் தைக்க வேண்டியதாப் போச்சு."

அந்தப் பெண் சிரித்துவிட்டாள். எத்தனையோ நாளைக்குப் பிறகு வந்த சிரிப்பு, பாதியில் அழுகையாக மாறியது. பெரியவளுக்கு மானம் போனது. போகட்டும் என்று நின்றாள்.

"புருவம்?" என்றாள் சின்னவள்.

"இருந்துச்சு. பின்கழுத்துல கொஞ்சம் கொட்டுச்சு, திரும்பி முளைச்சிருச்சு. நான்தான் ஊதிவிட்டேன். போதுமா? இத்தனை வருஷம் இருந்து உன்னோட தினம் மல்லுக்கட்டிக்கிட்டுதானே இருக்கேன்? உனக்கு மட்டும் என்ன வந்துச்சு?"

சின்னவள் மெல்ல எழுந்து வந்தாள். பெரியவளின் கழுத்தில் பழைய தழும்பு இருந்த இடத்தைத் தொட்டாள். அதை இதுவரை யாரும் தொட்டதில்லை. பிறகு தன் கழுத்தைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள்.

"அப்ப உங்களுக்கு வந்ததும் என்னுதுதானாக்கா?"

"உன்னுதா?" பெரியவளுக்குச் சுருக்கென்று வந்தது. "என்னுதுடி அது! எனக்குத்தான் முதல்ல வந்துச்சு. போய்ச் செருப்பைப் போடு, ஆஸ்பத்திரிக்குப் போகணும்."