பட்டறை இடிந்த காட்சி

கசார்வாடியில் இடித்த பட்டறையின் தூசி கலியனின் தலைமுடியில் இன்னும் அப்பியிருந்தது. குளிக்கக்கூடப் பொறுமையில்லை. போபோடியிலிருக்கும் தன் வீட்டுக்குள் நுழைந்ததும் மெமரி கார்டை மகள் தீபாவிடம் நீட்டினான். எடிட்டிங் அவள்தான்.

மராத்திப் படம், இந்தி விளம்பரம், தமிழ்ப் பேய்ப்படம், ராணுவ டாகுமெண்டரி, சேட்டு வீட்டுக் கல்யாணம், எதைக் கொடுத்தாலும் கலியன் எடுப்பான். ஆல்ரவுண்டர் என்று தோளில் தட்டினார்கள். நாசமாய்ப் போன வார்த்தை! நானே ஒரு படம் இயக்குகிறேன் என்று போய் நின்றால், "உனக்கெதுக்குய்யா அந்தத் தலைவலி, நீ கேமராவப் பாரு" என்று டீ வாங்கிக் கொடுத்து அனுப்பினார்கள். தலை நரைத்த பிறகு ஒரு வெறியில் தன் படத்தைத் தானே ஆரம்பித்தான். கேமராவை வேறு யாரையும் தொட விடவில்லை. உதவியாளர் ஒருவன் வந்தான், அவனையும் திட்டித் துரத்தியாயிற்று.

பட்டறை மூடி வேலை போன ஒரு பெண்ணின் கதை. வேறு நடிகை கிடைக்காமல் மனைவி பார்வதியே நடித்தாள், ஃபாக்டரி கேண்டீன் வேலைக்கு லீவு போட்டுவிட்டு. கடைசிக் காட்சியில் பட்டறை இடியும், அவள் பார்த்துக்கொண்டு நிற்பாள். அந்தப் பட்டறையை நிஜமாகவே இடிக்கிற நாளுக்காகத்தான் இத்தனை மாதம் காத்திருந்தான். இரண்டாவது டேக் என்ற பேச்சே கிடையாது.

காலையில் சுவர் விழுந்தபோது பார்வதி கையை மட்டும் லேசாக முன்னால் நீட்டினாள், தாங்கிப் பிடிக்கப்போகிறவளைப் போல. யாரும் சொல்லிக்கொடுக்காதது. கலியனுக்குக் கண் நிறைந்துவிட்டது. இதற்காகத்தானே இத்தனை வருஷம் ஊரான் படத்தையெல்லாம் எடுத்தேன் என்று நினைத்தான்.

"அப்பா, சுவர் விழற சீன் இல்லப்பா. கஹீ பீ நஹி, எங்கயுமே இல்ல."

"நல்லாப் பாரு."

"ரிகர்சல் இருக்கு. அப்புறம் நீங்க கேமராவத் தூக்கறப்ப வந்த தரை. அவ்ளோதான்."

கலியனுக்கு விளங்கிவிட்டது. ஒத்திகையின்போதே கை பட்டனை அழுத்தியிருக்கிறது. டேக் என்று நினைத்து மறுபடி அழுத்தியபோது பதிவு நின்றிருக்கிறது. எல்லாம் முடிந்து நிறுத்துவதாக அழுத்தியபோது திரும்ப ஓடி, தரையைப் பிடித்திருக்கிறது. நடிப்பவர் கண்ணை இழுக்குமென்று கேமராவின் சிவப்பு விளக்கில் கறுப்பு டேப் ஒட்டுவது அவன் பழைய வழக்கம். வியூஃபைண்டரில் தெரியும் பதிவுக் குறியையோ, கண்ணீரில் அவன் கவனிக்கவில்லை. துரத்தாமல் இருந்திருந்தால் உதவியாளன் கத்தியிருப்பான்.

தீபா ஓடவிட்டாள். திரை முழுக்கப் பார்வதி, தலை முதல் கால்வரை. அருமையான வெளிச்சம். பின்னாலிருந்து கலியனின் குரல் மட்டும்: "மரமாட்டம் நிக்கிற! அழக்கூட வராதா உனக்கு? உன்ன வச்சு எடுக்கறேன் பாரு, என் புத்திய செருப்பால அடிக்கணும்!"

தீபா நிறுத்தப் போனாள். அடுப்படியிலிருந்து வந்து பின்னால் நின்ற பார்வதி, "ஓடட்டும்டி" என்றாள். பிறகு அவனைப் பார்க்காமலே சொன்னாள்: "நல்லாத்தான் எடுத்திருக்கீங்க. இதையே கடைசில வச்சுக்குங்க."

திரையில் பார்வதி முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். அவள் நிற்கவேண்டிய இடமென்று தரையில் அவன் சாக்பீஸால் போட்டிருந்த குறியைக் குனிந்து தேடி, அதன்மேல் சரியாகக் காலை வைத்து நிமிர்ந்தாள். அதோடு பதிவு நின்றது.