தெக்லா மவ்ரிடுவின் முத்திரைத்தாள்

கிரேக்க நாட்டில் மாமியார்த்தனம் ஒரு துளிகூட இல்லாத ஒரே பெண்மணி தெக்லா மவ்ரிடுதான். இதைக் கண்டுபிடித்தவளும் அவளே. 1965 வசந்தகாலம் வரை இதை யாரும் மறுத்ததில்லை. யாரிடமும் அவள் கேட்டதில்லை என்பது வேறு விஷயம்.

ஆதாரம் இல்லாமல் பேசுகிறவள் அல்ல அவள். பதினைந்து வருஷத்தில் முப்பத்தொரு சிரிப்புப் படம். முப்பத்தொன்றிலும் மாமியார் வேஷம். மருமகளின் சட்டியைத் திறந்து முகர்ந்து மூக்கைச் சுளிப்பாள். பெட்டிமேல் விரலை ஓட்டித் தூசியைச் சாட்சிக்கு அழைப்பாள். தேனிலவுக்கு மகனோடு தானும் கப்பலேறுவாள். இந்தச் சேட்டைகளில் பாதி கதாசிரியர்கள் எழுதியவை அல்ல. தன் வீட்டு ஜன்னல் வழியே கிப்ஸெலித் தெருப் பெண்களைப் பார்த்துப் பார்த்து, சிரித்துச் சிரித்து, அவளே சேகரித்தவை.

"ஒரு வியாதியைப் பார்த்து இவ்வளவு சிரிச்சவளுக்கு அந்த வியாதி எப்படி வரும்?" என்பாள். மருத்துவ உலகம் இதற்கு இன்றுவரை பதில் சொல்லவில்லை.

அந்த வசந்தகாலத்தில் ஒரு ஞாயிறு மாலை, மகன் ஸ்தாத்திஸுக்குப் பெண் கேட்க அவனோடு டாக்சியில் பாங்க்ராத்திக்குப் போய்க்கொண்டிருந்தாள். ஸ்தாத்திஸுக்கு இருபத்தாறு வயது. பாலம் கட்டும் பொறியாளன். தகப்பன் இல்லாத பிள்ளை. மருந்துக்கடையில் வேலை பார்க்கும் மிர்த்தோ என்ற பெண்ணை அவனே பார்த்து, அவனே பேசி, சம்மதமும் வாங்கிவிட்டிருந்தான். பெரியவர்கள் உட்கார்ந்து இனிப்பு சாப்பிட வேண்டியது மட்டும்தான் பாக்கி.

டிரைவர் கண்ணாடியில் இரண்டு தடவை பார்த்தார். மூன்றாவது தடவை திரும்பியே பார்த்தார்.

"அம்மா, நீங்க அந்த மாமியார்தானே?"

"நடிகை" என்றாள் தெக்லா.

"அதேதான். எங்கம்மா உங்க படம் ஒண்ணு விடமாட்டா. ராத்திரி பார்த்துட்டு வருவா, மறுநாள் காலைல எம் பொண்டாட்டிகிட்ட ஒத்திகை ஆரம்பிச்சுடும். தூசி பாக்குற வித்தையெல்லாம் அவளுக்கு முன்னாடி தெரியவே தெரியாதும்மா."

"அதுக்கு நான் என்னய்யா பண்ணட்டும்? டிக்கெட் காசைத் திருப்பித் தரவா?"

"அது வேணாம். அடுத்த படத்துல நீங்க செத்துப் போயிடுங்களேன். எங்கம்மாவும் கொஞ்சம் யோசிப்பா."

இறங்கும்போது தெக்லா அவருக்கு ஒரு பார்வையைத் தவிர வேறெதுவும் உபரியாகக் கொடுக்கவில்லை.

மிர்த்தோவின் தாய் ஒலிம்பியா கதவைத் திறந்தாள். பெரிய மூக்கு, இஸ்திரி போட்ட கழுத்துப்பட்டை. அவளுக்குப் பின்னால் கணவர் அனெஸ்திஸ், முப்பது வருஷம் நோட்டரி அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவர், எதிலோ கையெழுத்துப் போடக் காத்திருப்பவர்போல் நின்றார். முறைப்படி தட்டு வந்தது. சின்னக் கரண்டியில் பாகில் ஊறிய நாரத்தைத் தோல், பக்கத்தில் ஒரு தம்ளர் தண்ணீர். தெக்லா கரண்டியை வாயில் வைத்தாள்.

"உங்க பையன் தங்கம்" என்றாள் ஒலிம்பியா. "ஆனா பொண்ணைத் தர முடியாது."

வாயில் இருந்த நாரத்தையை விழுங்கவும் முடியவில்லை, திட்டவும் முடியவில்லை. விழுங்கினாள்.

"ஏன்?"

"உங்க குணம் எனக்குத் தெரியும். முப்பத்தொரு தடவை பார்த்திருக்கேன். சிலதை ரெண்டாவது தடவையும் போய்ப் பார்த்தேன்."

"அது நடிப்பு!"

"நடிப்புன்னா கொஞ்சமாவது பொய் தெரியணுமில்ல? உங்ககிட்ட அது தெரியவே மாட்டேங்குதே."

பதினைந்து வருஷத்தில் எந்தப் பத்திரிகைக்காரனும் எழுதாத பாராட்டு இது. அதைக் குற்றப்பத்திரிகையாக வாசிக்க ஏதென்ஸில் ஒருத்தி இருந்தாள், அவள்தான் சம்பந்தியாக வேண்டியவளும்.

"கொலைகாரனா நடிக்கிறவன் உங்க வீட்டுக்கு வந்தா கத்தியை ஒளிச்சு வைப்பீங்களா?" என்றாள் தெக்லா.

"கொலைகாரன் ஒரே நாள்ல வேலையை முடிச்சிட்டுப் போயிடுவான். மாமியார் நாப்பது வருஷம் எடுத்துப்பா."

அனெஸ்திஸ் சிரித்துவிட்டார். மனைவி திரும்பிப் பார்த்ததும் அந்தச் சிரிப்பை இருமலாக மாற்றிக்கொண்டார்.

தெக்லா எழுந்து நின்றாள். மேடையில் பழகிய உடம்பு. கோபம் வந்தால் உட்கார்ந்திருக்கத் தெரியாது.

"கேளுங்கம்மா. எனக்கு முப்பத்திமூணு வயசுல தயாரிப்பாளர் கூப்பிட்டு விட்டாரு. ஆடத் தெரியும், பாடத் தெரியும், காலு ரெண்டும் பாக்க லட்சணமா இருந்துச்சு. காதலி வேஷம்னு நெனச்சுப் போனேன். தலையில சோளமாவைக் கொட்டி, 'இவன்தான் உன் பையன்'னு ஒருத்தனைக் காட்டுனாங்க. ஃபேதோன் கலோயெரிஸ். என்னைவிட ரெண்டு வயசு மூத்தவன்! என் பையன்! அவன் இன்னிக்கும் இருபது வயசுப் பொண்ணுங்களோட கடற்கரையில ஓடிட்டுதான் இருக்கான். பதினஞ்சு வருஷமா அவனுக்கு ஒரு வயசுகூட ஏறலை. ரெண்டு பேர் வயசையும் நானே சுமக்குறேன்! நிஜமாவே நரைச்சப்போ, மாவு மிச்சம்னு சந்தோஷப்பட்டாங்க. அதையெல்லாம் வாயை மூடிக்கிட்டுப் பொறுத்துக்கிட்டேன். எதுக்கு? இவனைப் படிக்க வைக்க. இப்போ அதே வேஷத்தைக் காட்டி இவனுக்குப் பொண்ணு இல்லைங்கிறீங்களா?"

அவள் சொன்னதில் ஒரு சொல்கூடப் பொய் இல்லை. ஆனால் கையில் இன்னும் கரண்டி இருந்தது. அதை ஒவ்வொரு வாக்கியத்தின் முடிவிலும் ஒலிம்பியாவின் மூக்கை நோக்கி நீட்டியிருந்தாள்.

"நீயாவது ஏதாவது சொல்லேன்டா!" என்றாள் மகனிடம்.

ஸ்தாத்திஸ் நாரத்தையை மென்றுகொண்டிருந்தான். "நான் என்னம்மா சொல்ல? நீ கத்தும்போது அப்படியே படத்துல பாக்குற மாதிரியே இருக்கு."

"பாத்தீங்களா?" என்றாள் ஒலிம்பியா. அவள் குரலில் வெற்றியைவிட ரசிகத்தனம் அதிகம் இருந்தது.

கதவு நிலையில் சாய்ந்து நின்ற மிர்த்தோ அப்போதுதான் வாயைத் திறந்தாள். "எனக்குச் சம்மதம்மா. அவங்க சட்டியைத் திறந்தா நான் மூடிக்கிறேன். இதுல என்ன இருக்கு?"

"உனக்கு ஒண்ணும் தெரியாது, சும்மா இரு."

இந்த இடத்தில் அனெஸ்திஸ் தொண்டையைச் செருமினார். முப்பது வருஷ அனுபவத்தில் அவர் பார்த்த எந்தச் சண்டையும் முத்திரைத்தாளுக்கு முன்னால் நின்றதில்லையாம். காணித் தகராறு, கிணற்றுத் தகராறு, ஒரு கழுதையின் தகராறு என எல்லாமே எழுதி, கையெழுத்தானதும் அடங்கிவிட்டன. யாரும் சரி என்று சொல்லும் முன்பே முத்திரைத்தாளும் விற்கும் தெருமுனைப் பெட்டிக்கடைக்கு இறங்கிப் போய், தாள் வாங்கிக்கொண்டு மேலே வந்துவிட்டார். அந்த மாலையில் முதல் தடவையாக அவர் முகத்தில் ஒரு களை வந்தது.

ஒலிம்பியா சொல்லச் சொல்ல அவர் எழுதினார். 'கீழே கையெழுத்திடும் தெக்லா மவ்ரிடு ஆகிய நான், என் மகன் குடியிருக்கும் வீட்டின் சாவியைக் கேட்கவோ, கொடுத்தால் வாங்கவோ மாட்டேன். அழைக்காமல் அந்த வீட்டுக்குள் கால் வைக்க மாட்டேன். அவ்வீட்டுச் சமையலறையில் எந்த மூடியையும் திறக்க மாட்டேன். அவ்வீட்டு அலமாரியில் எந்தத் துணியையும் மடித்து வைக்க மாட்டேன்...'

"கப்பலையும் எழுதுங்க" என்றாள் ஒலிம்பியா.

"அந்தக் கப்பல் நான் பண்ணதில்லைங்க! அது இயக்குநர் யோசனை!"

"அப்போ அவரையும் சேர்த்து எழுதுங்க."

இந்த நகரத்தில் பெண்டாட்டியை அடிக்கிறவன், கலப்படப் பால் விற்கிறவன், வாடகைக்கு விட்டுக் கூரையைப் பூசாதவன் யாரிடமும் ஒரு துண்டுத் தாள் கேட்டதில்லை. சிரிக்க வைத்த ஒருத்தியிடம் மட்டும் முத்திரையோடு கேட்கிறார்கள். எழுந்து போய்விடலாம். போனால் மகனுக்கு இந்தப் பெண் இல்லை. மகனைப் பார்த்தாள். அவன் தட்டைப் பார்க்காமல் மிர்த்தோவைப் பார்த்துக்கொண்டிருந்தான். மெல்லுவதைக்கூட நிறுத்தியிருந்தான்.

பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டாள்.

அனெஸ்திஸ் மையின்மேல் ஊதினார். ஒலிம்பியா தாளை அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டு, கையில் ஒரு சினிமாப் பத்திரிகையோடு திரும்பி வந்தாள். சற்றே வெட்கப்பட்டாள்.

"சம்பந்தியம்மா, தப்பா எடுத்துக்காதீங்க. இந்தப் படத்துமேலயும் ஒரு கையெழுத்து போட்டுத் தாங்களேன். எங்க அக்கா உங்கமேல உயிரையே வச்சிருக்கா."

தெக்லா அதிலும் கையெழுத்துப் போட்டாள். அது வழக்கமான கையெழுத்துதான், கொஞ்சம் ஆழமாக விழுந்தது. பத்திரிகையின் மூன்று பக்கங்கள் கிழிந்தன.

மே மாதம் கல்யாணம் நடந்தது. சர்க்கரை பூசிய பாதாமை விருந்தினருக்கு அவளே பங்கிட்டாள். அதன்பின் ஏழு மாதம் அந்தத் தாளில் இருந்த ஒவ்வொரு வரியையும் வேதம்போல் காத்தாள். பக்தியால் அல்ல, ஆத்திரத்தால்.

"ஏழு மாசம்!" என்பாள் ஒப்பனை அறையில், யாரிடமாவது, பெரும்பாலும் அங்கிருந்து எழுந்து போக முடியாதவர்களிடம். "அழைச்சாதான் போறேன். கைப்பையை மடியில வச்சுக்கிட்டு விருந்தாளி மாதிரி உக்காந்திருக்கேன். எங்க தெருவுல இருக்காளுங்களே, பையன் வீட்டுக்குப் போய் உப்பு பாக்குறவளுங்க, அவளுங்ககிட்ட எவனாவது முத்திரைத்தாள் கேட்டானா? வளர்ந்த பிள்ளை என்ன திங்கிறான்னு எட்டிப் பாக்குறது ஒரு பொழப்பா? கோழிங்க! அறிவு கெட்ட கோழிங்க!"

ஒப்பனைக்காரி தலையாட்டினாள். அந்த வாரம் தொடங்கிய புதுப் படத்தில் தெக்லா ஃபேதோனுக்கு அம்மா அல்ல. பாட்டி. சேதியைச் சொன்ன தயாரிப்பாளர் 'உயர்வு' என்ற சொல்லைப் பயன்படுத்தினார்.

டிசம்பரில் ஒரு ஞாயிறு, பாங்க்ராத்தியிலேயே குடியேறியிருந்த மகன் வீட்டில் மதியச் சாப்பாட்டுக்கு அழைத்திருந்தார்கள். ஒரு மணிக்கு என்று சொல்லியிருந்தார்கள். பாங்க்ராத்தியில் அவள் இறங்கியபோது பன்னிரண்டுதான் ஆகியிருந்தது. பேருந்து சீக்கிரம் வந்தது அவள் குற்றமல்ல. அழைத்த நேரத்துக்கு முன்னால் போனால் தாளை மீறியதாகும். குளிர் எலும்பைத் தொட்டது. தெருமுனை ரொட்டிக்கடைக்குள் கொஞ்சம் சூடு காய நுழைந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை அந்தப் பேட்டையே தன் சாப்பாட்டைத் தகரத் தட்டில் அடுக்கி அந்தக் கடை அடுப்புக்கு அனுப்பிவிட்டு மாதா கோவிலுக்குப் போய்விடும். அடுப்பின் வாயருகே பத்துப் பன்னிரண்டு தட்டுகள் வரிசையாக இருந்தன. ஒவ்வொன்றின் விளிம்பிலும் சாக்பீஸில் பெயர். நான்காவதில் 'மவ்ரிடு' என்று எழுதியிருந்தது.

கல்யாணத்துக்குப் பின் மருமகளுக்கும் வந்த குடும்பப் பெயர். ஆனாலும் தன் பெயர்தான். அந்த அளவில் அது அவள் தட்டும்தான்.

எட்டிப் பார்த்தாள். திறப்பதற்கு அங்கே மூடியே இல்லை. ஆட்டுத்தொடை பரவாயில்லை. உருளைக்கிழங்கு செங்கல் செங்கலாக நறுக்கப்பட்டிருந்தது. ஒரு பக்கம் நிறமே ஏறவில்லை. புளிப்புக்கு எதுவும் பிழிந்த வாசனை இல்லை. அவள் பிள்ளை சின்ன வயதிலிருந்து எலுமிச்சை இல்லாத உருளைக்கிழங்கைத் தொடமாட்டான். இதை ஒரு மருந்துக்கடைக்காரி எப்படி அறிவாள்? அவளிடம் யார் சொல்வது? சொன்னால் மாமியார் என்பார்கள்.

தெக்லாவுக்குக் கோபம் கோபமாக வந்தது. முப்பது வருஷம் குமாஸ்தாவாக இருந்த மனிதர் சாவியை எழுதினார், அலமாரியை எழுதினார், கப்பலைக்கூட எழுதினார். ரொட்டிக்கடையைப் பற்றி ஒரு வரி எழுதவில்லை. வேலையில் எவ்வளவு அலட்சியம்!

"என்னம்மா, உங்க தட்டா?" என்றார் கடைக்காரர்.

"ஆமா" என்றாள்.

அவர் நீளத் துடுப்பை எடுத்துக்கொண்டு அடுப்பின் பக்கம் திரும்பினார்.

தெக்லா கைப்பையைத் திறந்தாள். ஞாயிற்றுக்கிழமை விருந்துக்குப் போகிறவளின் கைப்பையில் எலுமிச்சம்பழமும் சின்னக் கத்தியும் காகிதத்தில் மடித்த உப்பும் ஏன் இருந்தன என்பதை அவள் தன்னைக் கேட்டுக்கொள்ளவில்லை. பழத்தை இரண்டாக அரிந்து, ஓசையில்லாமல், தட்டு முழுக்கச் சமமாகப் பிழிந்தாள். விழுந்த கொட்டைகளை விரல் நுனியால் பொறுக்கிக் கைக்குட்டையில் வைத்துக்கொண்டாள். பிறகு மேலங்கி நுனியால் சூடான தட்டின் ஓரத்தைப் பிடித்து மெல்ல அரை வட்டம் திருப்பி, நிறம் ஏறாத பக்கம் நெருப்பைப் பார்க்கும்படி வைத்தாள்.